ஆங்கிலத்தின் மிக நீளமான வார்த்தையும், அதற்குள் மறைந்திருக்கும் கல்தூசியும்

1/
நியூமனோ-அல்ட்ரா-மைக்ராஸ்கோப்பிக்-சிலிக்கோ-வால்கேனோ-கோனியோசிஸ்.

மொத்தம் 45 எழுத்து. பெரிய ஆங்கில அகராதிகளில் இருக்கிற மிக நீளமான வார்த்தை இதுதான்.

ஸ்கூல்ல யாராவது ஒருத்தர் இதை ஒரே மூச்சில் சொல்லி கைதட்டு வாங்கியிருப்பாங்க. குழந்தைகள் மனப்பாடமா ஒப்பிக்கிற வீடியோவும் பார்த்திருப்பீங்க.

அர்த்தம் கேட்டா மட்டும், "ஏதோ நுரையீரல் நோயாம்" என்பதோடு பேச்சு முடிஞ்சிடும்.

அந்த "ஏதோ" என்ன, இந்த வார்த்தையை யார் செஞ்சாங்க, அதே நேரத்தில் அந்த நோயால் யார் செத்துக்கிட்டிருந்தாங்க என்பதுதான் இந்த த்ரெட். கொஞ்சம் நீளம். சேவ் பண்ணி வச்சுக்கிட்டு மெதுவா படிங்க.

2/
முதலில் உச்சரிப்பு.

ஆங்கில எழுத்துக்கூட்டல்படி இது 'பி' என்ற எழுத்தில் ஆரம்பிக்குது. ஆனா அந்த 'பி' வாயில் வராது. "நியூ" என்றுதான் தொடங்கணும். நிமோனியாவுக்கும் இதே கதைதான்.

ஏன்? மூலச்சொல் கிரேக்கம். அங்கே 'ப்ந' என்று இரண்டு ஒலியையும் சேர்த்தே சொன்னாங்க. ஆங்கிலேயர் நாக்குக்கு வார்த்தையின் தொடக்கத்தில் அந்தச் சேர்க்கை வராது. ஒலியை விட்டுட்டாங்க, எழுத்தை மட்டும் வச்சுக்கிட்டாங்க.

எம்.பி.பி.எஸ். முதல் வருஷத்தில் தமிழ் மீடியத்திலிருந்து வந்த மாணவர் யாராவது எழுத்துக்கூட்டிப் படிச்சு "ப்நியூமோனியா" என்று சொன்னால் வகுப்பே சிரிக்கும். சிரிக்க அதில் ஒண்ணுமில்லை. ஜெர்மன் டாக்டர்கள் இன்னைக்கும் அந்த 'ப்'-ஐ சேர்த்துத்தான் சொல்றாங்க.

3/
அடுத்து அர்த்தம். துண்டு துண்டா உடைச்சா ரொம்ப சுலபம்.

நியூமனோ – நுரையீரல் (கிரேக்கம்)
அல்ட்ரா – அதற்கும் அப்பால் (லத்தீன்)
மைக்ராஸ்கோப்பிக் – கண்ணுக்குத் தெரியாத அளவு சின்ன
சிலிக்கோ – சிலிக்கா, அதாவது கல்லிலும் மணலிலும் இருக்கும் பொருள்
வால்கேனோ – எரிமலை (ரோமானியர்களின் நெருப்புக் கடவுள் வல்கன் பெயரில் வந்தது)
கோனி – தூசி (கிரேக்கம்)
ஓசிஸ் – நோய் நிலை

மொத்தமா: எரிமலையிலிருந்து வரும் மிக மிக நுண்ணிய சிலிக்கா தூசியை சுவாசிப்பதால் வரும் நுரையீரல் நோய்.

4/
இதை எந்த டாக்டர் கண்டுபிடிச்சார்?

எந்த டாக்டரும் இல்லை. வார்த்தைப் புதிர் விளையாடுறவங்க செஞ்சது.

அமெரிக்காவில் 1883-ல் தொடங்கிய நேஷனல் பஸ்லர்ஸ் லீக் என்று ஒரு சங்கம் உண்டு. 1935 பிப்ரவரியில் நியூயார்க் நகரத்தின் ஹோட்டல் நியூயார்க்கரில் அவங்க கூட்டம் நடந்தது. அங்கேதான் சங்கத் தலைவர் எவரெட் ஸ்மித் இந்த வார்த்தையை முன்வைத்தார். பிப்ரவரி 23 அன்று நியூயார்க் ஹெரால்ட் ட்ரிப்யூன் நாளிதழ் இதைச் செய்தியாகவே போட்டது.

நோக்கம் ஒண்ணே ஒண்ணுதான். ஆங்கிலத்தின் மிக நீளமான வார்த்தை என்ற பட்டம் வேணும்.

5/
அடுத்த வருஷமே இது ஒரு புத்தகத்தில் வந்தது. 1939-ல் வெப்ஸ்டர் பேரகராதியின் இணைப்பில் ஏறியது. பிறகு ஆக்ஸ்ஃபோர்டு அகராதியும் சேர்த்துக்கிட்டது.

ஆனா ஆக்ஸ்ஃபோர்டுக்காரங்க விவரமானவங்க. இது செயற்கையா உருவாக்கின சொல், நீளமான வார்த்தைக்கு உதாரணம் காட்டத்தான் பெரும்பாலும் பயன்படுது என்று விளக்கத்திலேயே எழுதி வச்சிருக்காங்க.

உண்மைதான். உலகத்தில் எந்த ஆஸ்பத்திரியிலும் இதை டயக்னோசிஸாக எழுத மாட்டாங்க. கேஸ் ஷீட்டில் ஒரே வார்த்தை போதும்: சிலிக்கோசிஸ்.

வார்த்தை விளையாட்டு. நோய் விளையாட்டு இல்லை.

6/
சிலிக்கோசிஸ் என்றால் என்ன?

கல்லை உடைக்கும்போது, துளைக்கும்போது, அறுக்கும்போது, மெருகேற்றும்போது கிளம்புற தூசியில் சிலிக்கா இருக்கும். அதில் 5 மைக்ரானுக்குக் கீழே இருக்கும் துகள்கள்தான் வில்லன். ஒரு தலைமுடியின் தடிமன் சுமார் 70 மைக்ரான். அதில் பத்தில் ஒரு பங்கு கூட இல்லாத துகள் மூக்கு, தொண்டை எல்லாம் தாண்டி நுரையீரலின் கடைசிக் காற்றறை வரை போய் உட்கார்ந்துக்கும்.

(பீச் மணலில் விளையாடினா வருமான்னு கேக்காதீங்க. வராது. அந்த மணல் துகள் உள்ளே போக முடியாத அளவு பெருசு.)

7/
உள்ளே போன துகளை மேக்ரோஃபேஜ் என்ற நம் காவல் செல் விழுங்கும். கிருமியா இருந்தா செரிச்சிடும். கல்லை எப்படிச் செரிக்கும்?

செல் செத்துப்போகும். துகள் மறுபடி வெளியே வரும். அடுத்த காவல் செல் விழுங்கும். அதுவும் சாகும். ஒவ்வொரு முறையும் அந்த இடத்தில் அழற்சி, பிறகு தழும்பு.

பஞ்சு மாதிரி இருந்த நுரையீரல் கொஞ்சம் கொஞ்சமா இறுகிப்போகும். முதலில் மாடிப்படி ஏறினால் இளைப்பு. அப்புறம் நடந்தால் இளைப்பு. கடைசியில் உட்கார்ந்திருந்தாலே இளைப்பு.

வந்த தழும்பை மாற்ற மருந்து இன்னைக்கு வரை இல்லை. தூசியை நிறுத்தின பிறகும் நோய் முற்றலாம். டி.பி. வரும் ஆபத்தும் பல மடங்கு கூடும்.

8/
இந்த நோய் புதுசா? 1935-ல் பேர் வச்சதால் அப்போ வந்ததா?

1556-ல் வெளியான அக்ரிகோலாவின் சுரங்கவியல் நூலில் ஒரு தகவல் இருக்கு. கார்பாத்திய மலைச் சுரங்கப் பகுதிகளில் ஏழு கணவர்களைக் கல்யாணம் செய்த பெண்கள் உண்டாம். ஏழு பேரையும் நெஞ்சு நோயே கொண்டுபோயிருக்கு.

சுரங்கத் தூசியைப் பற்றி இதைவிடச் சுருக்கமான மருத்துவக் குறிப்பை நான் படிச்சதில்லை.

9/
1700-ல் இத்தாலிய மருத்துவர் பெர்னார்டினோ ராமஸினி தொழிலாளர் நோய்களைப் பற்றி ஒரு முழுப் புத்தகம் எழுதினார். கல் கொத்துறவங்களின் நுரையீரலில் கல்தூசி சேர்வது பற்றியும் அதில் இருக்கு.

அவர் சொன்ன இன்னொரு விஷயம்தான் பெருசு. நோயாளியிடம் கேட்க வேண்டிய கேள்விகளை ஹிப்போகிரேட்டஸ் காலத்திலிருந்தே டாக்டர்கள் வரிசைப்படுத்தி வச்சிருந்தாங்க. ராமஸினி அதில் ஒரு கேள்வியைச் சேர்த்தார்:

நீங்க என்ன வேலை பார்க்கறீங்க?

இந்தக் கேள்வியை ஞாபகம் வச்சுக்கோங்க. கடைசியில் தேவைப்படும்.

10/
இப்போ பெயர்களைப் பாருங்க.

இங்கிலாந்தில் கத்தி, அரிவாளைச் சாணை பிடிக்கிறவங்களுக்கு வந்தப்போ "சாணைக்காரர் ஆஸ்துமா" என்று பெயர். பீங்கான் தொழிலாளிகளுக்கு வந்தப்போ "குயவர் அழுகல்". தென்னாப்பிரிக்கத் தங்கச் சுரங்கத்தில் "சுரங்கக்காரர் தைசிஸ்".

தைசிஸ் என்பது காசநோய்க்கான பழைய சொல். ஆங்கிலத்தில் எழுதினால் முதல் நாலு எழுத்துமே மெய்யெழுத்து. அதில் முதல் இரண்டையும் பலர் உச்சரிக்கவே மாட்டாங்க.

1860-களில் ஜெர்மன் மருத்துவர் சென்கர், தூசியால் வரும் நுரையீரல் நோய்கள் எல்லாத்துக்கும் சேர்த்து ஒரு கிரேக்கப் பெயர் வச்சார். 1870-ல் இத்தாலியின் விஸ்கோன்டி "சிலிக்கோசிஸ்" என்றார்.

வித்தியாசம் தெரியுதா? பழைய பெயர்களில் ஆள் இருக்கார், அவர் தொழில் இருக்கு. புதுப் பெயர்களில் பொருள் மட்டும்தான் இருக்கு. அறிவியலுக்குப் புதுப் பெயர் தேவைதான், அதை நான் குறை சொல்லலை. ஆனா பெயர் மாறும்போது யாருக்கு நோய், எங்கே நோய் என்பது கண்ணிலிருந்து நழுவிடுது.

11/
இப்போ 1930-க்குப் போவோம். அமெரிக்காவின் மேற்கு வர்ஜீனியா மாநிலம். காலி பிரிட்ஜ் என்ற சின்ன ஊர்.

ஆற்றுத் தண்ணீரைத் திருப்பி மின்சாரம் எடுக்க, மலையைக் குடைந்து சுமார் 5 கிலோமீட்டர் சுரங்கப்பாதை தோண்டினாங்க. ஹாக்ஸ் நெஸ்ட் சுரங்கம் என்று பெயர். திட்டம் யாருடையது? யூனியன் கார்பைடின் துணை நிறுவனம். ஆமாம், போபால் என்றால் நமக்கு ஞாபகம் வருமே, அதே யூனியன் கார்பைடு.

அது பெரும் பொருளாதார மந்தக் காலம். எங்கேயும் வேலை இல்லை. ஏறத்தாழ 3,000 பேர் சுரங்கத்துக்குள் இறங்கினாங்க. அதில் பெரும்பான்மை, தெற்கு மாநிலங்களிலிருந்து பிழைக்க வந்த கறுப்பினத் தொழிலாளர்கள்.

12/
அந்த மலைப் பாறையில் சிலிக்கா மிக அதிகம். தண்ணீர் ஊத்தித் துளை போட்டால் தூசி அடங்கும் என்பது அந்தக் காலத்திலேயே தெரிந்த விஷயம். ஆனா உலர் துளைதான் வேகம். வேகம்தான் பணம்.

தூசி எவ்வளவு என்றால், சில அடி தூரத்தில் இருக்கிற ஆள் தெரிய மாட்டார். வெள்ளை மாவு கொட்டின மாதிரி தலையிலிருந்து கால் வரை தூசியோடு வெளியே வந்தாங்க. தொழிலாளிகளுக்கு முகக்கவசம் கிடையாது.

சாதாரணமா சிலிக்கோசிஸ் வர 10, 20 வருஷம் ஆகும். இங்கே மாசக்கணக்கிலேயே வந்துடுச்சு.

13/
இளைப்போடு வந்த தொழிலாளிகளிடம் கம்பெனி டாக்டர்கள் என்ன நோய்னு சொன்னாங்க தெரியுமா?

"டனலைட்டிஸ்."

டனல் என்றால் சுரங்கம். ஐட்டிஸ் என்றால் அழற்சி. டான்சிலைட்டிஸ், அப்பெண்டிசைட்டிஸ் மாதிரி கேட்க நல்லா இருக்கு. ஆனா எந்த மருத்துவ நூலிலும் அப்படி ஒரு நோய் கிடையாது. மாத்திரை கொடுத்து அனுப்பிட்டாங்க.

அரிதான ஆங்கில வார்த்தைகளில் எனக்கு ரொம்ப வருத்தம் தருவது இதுதான். 45 எழுத்து வார்த்தை விளையாட்டுக்குப் பண்ணினது. இது மறைக்கப் பண்ணினது. இரண்டுமே பார்க்க மருத்துவச் சொல் மாதிரியே இருக்கும்.

14/
அந்த ஊர் ஜோன்ஸ் குடும்பத்தில் அப்பாவும் மூணு பையன்களும் சுரங்க வேலைக்குப் போனாங்க. மூணு பையன்களும் இறந்தாங்க. கடைசிப் பையன் ஷெர்லிக்கு வயசு 18.

தான் செத்ததும் உடம்பை அறுத்துப் பார்க்கச் சொல்லுங்க, இந்த வேலைதான் என்னைக் கொன்னுச்சா என்று பாருங்க, உங்களுக்கு நஷ்டஈடாவது கிடைக்கும் என்று அந்தப் பையன் அம்மாகிட்ட கேட்டுக்கிட்டான். அம்மா எம்மா இதைப் பின்னாடி அமெரிக்க நாடாளுமன்ற விசாரணைக் குழுவுக்குச் சாட்சியமாச் சொன்னாங்க.

சரியான பெயர் ஒண்ணு கிடைக்க ஒரு 18 வயசுப் பையன் தன் நுரையீரலையே சாட்சியா எழுதி வைக்க வேண்டியிருந்தது.

15/
மொத்தம் எத்தனை பேர்? அங்கே இருக்கும் நினைவுக் கல்லில் 109. நாடாளுமன்ற விசாரணையில் சொல்லப்பட்டது 476. 1986-ல் மருத்துவர் மார்ட்டின் செர்னியாக் ஆவணங்களை அலசி எழுதிய புத்தகத்தின் கணக்குப்படி குறைந்தது 764.

ஏன் இவ்வளவு வித்தியாசம்? நோயோடு சொந்த ஊருக்குத் திரும்பிப் போய் செத்தவங்க கணக்கில் வரலை. நிமோனியா, டி.பி. என்று சான்றிதழ் எழுதப்பட்டவங்க கணக்கில் வரலை. கறுப்பினத் தொழிலாளிகள் சிலரை சம்மர்ஸ்வில் பக்கத்தில் ஒரு பண்ணை நிலத்தில் புதைச்சுட்டாங்க.

பெயரில்லாத நோய்க்கு எண்ணிக்கையும் இருக்காது.

16/
இப்போ தேதிகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைங்க.

1933 – காலி பிரிட்ஜ் தொழிலாளிகளின் வழக்குகள் நீதிமன்றத்தில்.
1935 பிப்ரவரி – ஹோட்டல் நியூயார்க்கரில் சிலிக்கா தூசி நோய்க்கு 45 எழுத்துப் பெயர்.
1936 ஜனவரி – ஹாக்ஸ் நெஸ்ட் பற்றி நாடாளுமன்ற விசாரணை.

ஒன்றுக்கும் மற்றொன்றுக்கும் தொடர்பு இருந்ததுன்னு நான் சொல்ல வரலை. புதிர்க்காரங்க யாருக்கும் கெடுதல் நினைச்சவங்களும் இல்லை. ஆனா ஒரே நாடு, ஒரே நோய், ஒரே காலம். உலகம் முழுக்கப் பரவினது அந்த வார்த்தைதான். காலி பிரிட்ஜ் என்ற பெயர் நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்?

17/
விசாரணை வீண் போகலை. அதே 1936-ல் அமெரிக்கத் தொழிலாளர் துறை அமைச்சர் பிரான்சஸ் பெர்கின்ஸ் சிலிக்கோசிஸுக்காகவே தேசிய மாநாடு கூட்டினார். 1938-ல் "சிலிக்கோசிஸை நிறுத்து" என்ற தலைப்பில் அவர் துறை ஒரு படமே எடுத்தது. ஈரத் துளையிடல், தூசி உறிஞ்சும் கருவி, முகக்கவசம் எல்லாம் பொதுப்பேச்சாச்சு.

நோய்க்குச் சரியான பெயர் வைத்ததும்தான் தடுப்பும் வந்தது.

18/
இது வேற நாட்டுக் கதைன்னு நினைச்சா, அடுத்தது நம்ம கதை.

கோலார் தங்கவயல். படத்தில் பார்த்த கே.ஜி.எஃப். நிஜ கே.ஜி.எஃப்.-ல் 3 கிலோமீட்டர் ஆழம் வரை இறங்கித் தங்கம் எடுத்தவர்களில் பெரும்பாலானோர் தமிழர்கள். வட ஆற்காடு, சேலம், தர்மபுரி பக்கத்திலிருந்து போனவங்க.

1940-களில் அந்தச் சுரங்கத் தொழிலாளிகள் 7,000-க்கும் மேற்பட்டோரைப் பரிசோதித்தாங்க. நூற்றுக்கு நாற்பதுக்கும் மேற்பட்டவர்களுக்கு சிலிக்கோசிஸ்.

தங்கவயலில் தாத்தா வேலை பார்த்த குடும்பங்கள் இதைப் படிச்சா, "தாத்தா இருமிக்கிட்டே இருப்பார்" என்று வீட்டில் யாராவது சொன்னது ஞாபகம் வரலாம்.

19/
சரி, பழைய கதைதானே?

இல்லைங்க. இப்போ கிச்சன் மேடைக்கு "குவார்ட்ஸ்" என்று பளபளன்னு ஒரு செயற்கைக் கல் வருது. அதில் 90 சதவீதத்துக்கும் மேல் சிலிக்கா இருக்கக்கூடும். அதை அறுத்து மெருகேத்தின இளம் தொழிலாளிகளுக்கு வரிசையா சிலிக்கோசிஸ் வந்ததால் ஆஸ்திரேலியா 2024 ஜூலை 1 முதல் அந்தக் கல்லையே தடை பண்ணிடுச்சு.

வீட்டில் அந்த மேடை இருக்கிறவங்க பயப்பட வேண்டாம். பொருத்தி முடிச்ச கல்லில் சமைப்பதால் ஒண்ணும் ஆகாது. ஆபத்து அறுக்கிறவருக்கு.

20/
நம்ம ஊரில் யார் யாருக்கு ஆபத்து?

கல்குவாரி, ஜல்லி கிரஷர், கிரானைட் அறுப்பு, சிற்ப வேலை, போர்வெல் ரிக், டைல்ஸ் கட்டிங், ஃபவுண்டரி, மணலை வீசி இரும்பைச் சுத்தம் செய்யும் வேலை.

இவங்க இருமலோடும் இளைப்போடும் வருவாங்க. எக்ஸ்ரேயில் நிழல் இருக்கும். டி.பி.யும் பார்க்க இதே மாதிரி இருக்கும். சிலருக்கு இரண்டுமே சேர்ந்து இருக்கும். டி.பி. மருந்து முடிச்சும் இளைப்பு நிற்காது.

ஓ.பி. சீட்டில் தொழில் என்ற இடத்தில் பெரும்பாலும் ஒரே வார்த்தைதான் இருக்கும்: "கூலி".

என்ன கூலி? களை எடுக்கிற கூலியா, கல் உடைக்கிற கூலியா? அந்த ஒரு கேள்வியில்தான் டயக்னோசிஸே இருக்கு. 1700-ல் ராமஸினி சேர்த்த கேள்வி அதுதான். 300 பேர் நிற்கிற ஓ.பி. வரிசையில் முதலில் விட்டுப்போவதும் அதுதான்.

21/
அதனால, நீங்களே சொல்லிடுங்க. டாக்டர் கேட்கலைன்னாலும் சொல்லுங்க.

👉 "கிரஷர்ல 8 வருஷம் வேலை பார்த்தேன்." இந்த ஒரு வரி போதும். இப்போ வேலையை விட்டிருந்தாலும் சொல்லணும்.

👉 வாயில் துண்டு கட்டுவது இந்தத் தூசிக்குப் போதாது. கல்லை நனைச்சு வேலை செய்வதுதான் முதல் பாதுகாப்பு. அதோட தூசி வடிகட்டும் சரியான முகக்கவசம்.

👉 தூசி படிந்த சட்டையோடு வீட்டுக்குப் போய் குழந்தையைத் தூக்காதீங்க. வேலை இடத்திலேயே மாத்திடுங்க.

👉 புகைப்பழக்கம் இருந்தா இன்னைக்கே நிறுத்துங்க. ஏற்கெனவே பாதி அடைஞ்ச குழாயை முழுசா அடைக்கிற வேலை அது.

👉 சிலிக்கோசிஸ் தொழிலால் வரும் நோய் என்று சட்டத்தின் பட்டியலிலேயே ஏறியாச்சு. மருத்துவர் அரசுக்குத் தெரிவிக்க வேண்டிய நோய் அது. இழப்பீட்டுக்கும் சட்டத்தில் இடம் உண்டு. சீட்டில் "சளி, இளைப்பு" என்று இருந்தால் எதுவும் கிடைக்காது. சரியான பெயர் இருந்தால்தான் வழி திறக்கும்.

22/
இவ்வளவு பெரிய வார்த்தைக்குத் தமிழில் என்ன சொல்லலாம்?

கல்தூசி நோய்.

அவ்வளவுதான். சொல்ல 45 எழுத்து வேண்டாம், கிரேக்கம் வேண்டாம், வாயில் வராத எழுத்து வேண்டாம். எதனால் வந்தது என்பது பெயரிலேயே இருக்கு. கேட்ட உடனே கிரஷரில் வேலை செய்கிறவர் தன் சட்டையைக் குனிஞ்சு பார்ப்பார்.

அடுத்த முறை உங்க வீட்டுக் குழந்தை அந்த நீள வார்த்தையைச் சொல்லிக் காட்டினா தாராளமா கைதட்டுங்க. கூடவே, "இது கல் உடைக்கிறவங்களுக்கு வர நோய்டா கண்ணு" என்றும் சொல்லிக்கொடுங்க.

கல்வேலை செய்கிற யாரையாவது உங்களுக்குத் தெரியும்னா, 21-ஆவது பதிவை மட்டுமாவது அவருக்கு அனுப்புங்க.